கேட்டில் ஒட்டாத உத்தரவு: வேலூர் சரகக் காவல் அதிகாரிகளுக்கு ஒரு திறந்த மடல்

வேலூர் சரகக் காவல்துறைத் துணைத் தலைவர் அவர்களுக்கும், வேலூர், ராணிப்பேட்டை, திருப்பத்தூர் மாவட்டக் காவல் கண்காணிப்பாளர்களுக்கும்,

வணக்கம். நான் 1988-ல் இரண்டாம் நிலைக் காவலராகச் சேர்ந்தபோது இது வட ஆற்காடு மாவட்டம். மறு ஆண்டே அதை இரண்டாகப் பிரித்தார்கள். 2019 நவம்பரில் வேலூர் மூன்றானது. ஸ்டேஷன் பெயர்ப்பலகைகள் மாறிக்கொண்டே இருந்தன, நான் பாலாற்றங்கரையை விட்டு அதிகம் நகரவில்லை. வாலாஜா, ராணிப்பேட்டை, ஆம்பூர், பேர்ணாம்பட்டு என்று தோல் தொழில் இருக்கும் ஊர்களிலேயே 36 ஆண்டு ஓடிவிட்டது. அதில் பாதிக்கு மேல் ஸ்டேஷன் ரைட்டர் வேலை. 2024-ல் சிறப்பு உதவி ஆய்வாளராக ஓய்வு பெற்றேன்.

பணியில் இருந்தபோது எழுத முடியாததை இப்போது எழுதுகிறேன். தொழிலாளர் தகராறு நடக்கும் கம்பெனி வாசலில் உயர் நீதிமன்ற உத்தரவின் பேரில் நாம் போய் நிற்கிறோமே, அந்தப் பந்தோபஸ்தைப் பற்றியது இது. என் கோரிக்கை ஒன்றுதான். அந்த உத்தரவு என்ன சொல்கிறது என்பதைத் தமிழில் எழுதிக் கேட்டில் ஒட்டுங்கள், இரு தரப்பும் கேட்க வாசித்துக் காட்டுங்கள். அதற்குப் பிறகு பந்தோபஸ்து தொடங்கட்டும். மூன்று மாவட்டத்துக்கும் ஒரே சுற்றறிக்கையில் இதைச் செய்துவிடலாம். அரசாணை வேண்டியதில்லை, நிதி ஒதுக்க வேண்டியதில்லை.

இவ்வளவு சின்ன விஷயத்துக்கு ஏன் ஒரு மடல் என்று தோன்றும். அதற்கு ஒரு நாளைப் பற்றிச் சொல்லியாக வேண்டும்.

ஊரும் கம்பெனியும் வேண்டாம். பத்துப் பன்னிரண்டு வருடத்துக்கு முந்தைய சங்கதி. ஷூ தைக்கும் கம்பெனி, எழுநூறு பேர் வேலை செய்தார்கள், பெரும்பாலும் பெண்கள். சுற்றுப்பட்டுக் கிராமங்களிலிருந்து கம்பெனி வேனில் வந்து போகிறவர்கள். பழைய சம்பள ஒப்பந்தம் முடிந்து ஒன்றரை வருடமாகியும் தொழிலாளர் துறை சமரச அதிகாரி முன்னால் போடும் புது 12(3) ஒப்பந்தம் போடவில்லை. லேபர் ஆபீஸில் நாலைந்து தடவை பேச்சு, ஒவ்வொரு தடவையும் வாய்தா. நடுவில் சங்கத்தில் முன்னால் நின்ற ஆறு பேரைச் சஸ்பெண்ட் செய்தார்கள். சங்கம் நோட்டீஸ் கொடுத்து வேலையை நிறுத்தியது. நாலாம் நாள் நிர்வாகம் சென்னையில் ரிட் மனு போட்டது. ஒன்பதாம் நாள் மதியம் உத்தரவு நகல் ஸ்டேஷனுக்கு வந்துவிட்டது. கம்பெனி மேனேஜரே காரில் கொண்டுவந்து கொடுத்தார். அதை வாங்கி, எண் போட்டு, தபால் பதிவேட்டில் ஏற்றியவன் நான்.

இரண்டு பக்கம், ஆங்கிலத்தில். முதல் பக்கத்தில் வழக்கு எண், வக்கீல்கள் பெயர், நிர்வாகம் சொன்ன குறைகள். தாளைத் திருப்பினால் உத்தரவு. வேலைக்கு வர விரும்பும் தொழிலாளரும் சரக்கும் தடையில்லாமல் உள்ளே போகவும் வெளியே வரவும் போலீஸ் பாதுகாப்பு கொடுக்க வேண்டும் என்று இருந்தது. அதற்கு அடியில் இன்னும் இரண்டு வாக்கியம். தகராறில் யார் பக்கம் நியாயம் என்பதற்குள் நீதிமன்றம் போகவில்லை, தொழிலாளர் சட்டப்படி தங்கள் பரிகாரத்தைத் தேடிக்கொள்ளலாம் என்பது ஒன்று. கேட்டிலிருந்து 100 மீட்டருக்கு அப்பால் அமைதியாகப் போராடுவதை இந்த உத்தரவு தடுக்காது என்பது மற்றொன்று. எனக்கிருந்த ஆங்கிலத்துக்கு இரண்டு தடவை படிக்க வேண்டியிருந்தது. ஆனால் புரிந்துவிட்டது.

மறுநாள் காலை ஏழு மணிக்கு இரண்டு வேன் ஆயுதப்படையோடு போய் இறங்கினோம். பெண்கள் கேட்டுக்கு எதிர்ப்புறம், ரோட்டைத் தாண்டிப் புளியமரத்தடியில் உட்கார்ந்திருந்தார்கள். யாரும் யாரையும் மறிக்கவில்லை. ஜீப் மைக்கில் சொல்லப்பட்டது ஒரே வரி: "ஐகோர்ட் ஆர்டர் வந்துடுச்சு, எல்லாரும் கலைஞ்சு போங்க." சங்கச் செயலாளர் எழுந்து வந்து, ஆர்டரில் என்ன இருக்கிறது என்று கேட்டார். ஆர்டர் இருக்கிறது என்பதே பதிலாகக் கிடைத்தது. பதினைந்து நிமிடம் அவகாசம் கொடுத்தோம். பிறகு வேனில் ஏற்றி ஒரு கல்யாண மண்டபத்துக்குக் கொண்டுபோனோம். அன்று பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டம் 151-வது பிரிவில் போட்டோம். இப்போது அது புதிய சட்டமான பி.என்.எஸ்.எஸ்.-ஸின் 170-வது பிரிவு. நடக்கப்போகும் குற்றத்தைத் தடுக்க வேறு வழியே இல்லாதபோது கைது செய்வதற்கான பிரிவு அது. மரத்தடியில் உட்கார்ந்திருப்பது எந்தக் குற்றத்தின் தொடக்கம் என்று எனக்கு இன்றுவரை தெரியவில்லை.

மண்டபத்தில் பெயர் எழுதும் வேலை எனக்கு. பெயர், கணவர் அல்லது தகப்பன் பெயர், வயது, ஊர். சாப்பாட்டு மேசையைப் போட்டு உட்கார்ந்திருந்தேன். வரிசையில் என் பக்கத்து ஊர்ப் பெண் ஒருத்தி வந்தாள். பள்ளிக்கூடம் போகும் வயதிலிருந்து பார்த்த முகம். பெயரைச் சொல்லிவிட்டு நகராமல் மேசையில் கையை ஊன்றிக்கொண்டு நின்றாள். சோல் ஒட்டும் சொல்யூஷன் படிந்து படிந்து, கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் தோல் உரிந்து கறுத்திருந்தன.

"ண்ணா, கேஸ் தோத்துப்போச்சாண்ணா? அந்தப் பேப்பர்ல இன்னாதான் எழுதிக்கிது?"

அந்தப் பேப்பர் நாலாக மடித்து என் சட்டைப் பையில் இருந்தது. "பெரிய ஐயாவைக் கேளும்மா" என்று சொல்லிவிட்டு அடுத்த பெயரை எழுதினேன்.

மத்தியானமே மண்டபத்துத் தொட்டியில் தண்ணீர் தீர்ந்துவிட்டது. கைக்குழந்தையை வீட்டில் விட்டுவிட்டு வந்த இரண்டு பேர் சுவரைப் பார்த்துத் திரும்பி உட்கார்ந்திருந்தார்கள். ஆறரை மணிக்கு எல்லோரையும் விட்டோம். ஆனால் அதற்குள் கிராமம் கிராமமாகச் செய்தி போய்விட்டது, கோர்ட்டில் தோற்றுவிட்டோம் என்று. அடுத்த நாள் இருநூறு பேர் மன்னிப்புக் கடிதம் எழுதிக் கொடுத்துவிட்டு உள்ளே போனார்கள். ஒரு வாரத்தில் வேலைநிறுத்தம் கரைந்துபோனது. சஸ்பெண்ட் ஆன ஆறு பேரின் வழக்கு, எனக்கு மாறுதல் வரும்வரை வேலூர் தொழிலாளர் நீதிமன்றத்தில் வாய்தாவில் இருந்தது. அவர்கள் தோற்றதாக எந்த நீதிபதியும் எழுதவில்லை. நிர்வாகத்தின் கோரிக்கை நியாயம் என்றும் எழுதவில்லை. அவர்கள் கேட்காத ஒரு தீர்ப்பை அவர்களுக்கு நாங்கள் சொன்னோம். அதில் என் பங்கு, சட்டைப் பையிலிருந்து ஒரு தாளை எடுக்காமல் இருந்தது.

பாதுகாப்பு உத்தரவே கூடாது என்று நான் சொல்ல வருவதாக நினைக்க வேண்டாம். வேறொரு ஊரில், உத்தரவு எதுவும் இல்லாமல் நாலே பேர் நின்ற ஒரு காலையில், ஆள் ஏற்றிவந்த வேன் மேல் கல் விழுந்தது. டிரைவர் பையனுக்கு இருபது இருபத்திரண்டு வயது இருக்கும். கம்பெனி ஆளும் இல்லை, சங்கத்து ஆளும் இல்லை, வாடகை வண்டி ஓட்டுகிறவன். என் மடியில் தலை வைத்துக்கொண்டுதான் வேலூர் ஆஸ்பத்திரி வரை வந்தான். இடது கண் போய்விட்டது. அன்று ஒரு நீதிமன்ற உத்தரவு இருந்து, ஐம்பது பேர் நின்றிருந்தால் அவன் கண் இருந்திருக்கும். அதை மறந்துவிட்டு நான் எதையும் எழுதவில்லை.

தோல் ஷாப்பு வைத்திருப்பவர்களின் கஷ்டமும் எனக்குத் தெரியும். தோலை நினைத்த இடத்தில் நிறுத்திவைக்க முடியாது. சுண்ணாம்பில் கிடக்கும் தோல் நாள் கடந்தால் நைந்துபோகும். டிரம்மில் சுற்றுவதைப் பாதியில் விட்டால் அந்த லாட்டே வீண். கழிவுநீர் மோட்டாரை நிறுத்தினால் தொட்டி நிரம்பி வழிந்து எங்கே போகும் என்பதை இந்தச் சீமையில் யாருக்கும் சொல்ல வேண்டியதில்லை. அந்தக் கழிவுநீருக்கு எதிராக வேலூர் மக்கள் உச்ச நீதிமன்றம் வரை போய் 1996-ல் தீர்ப்பு வாங்கினார்கள். அதனால் பாய்லர் பார்க்கிறவரும் கழிவுநீர் பிளான்ட் பார்க்கிறவரும் எந்த வேலைநிறுத்தத்திலும் உள்ளே போய்வர வேண்டும். விவரம் தெரிந்த சங்கத்துக்காரர்கள் இதைத் தாங்களே ஒப்புக்கொண்டு ஆள் அனுப்பியதை நான் பார்த்திருக்கிறேன்.

ஆகவே உத்தரவு வரட்டும். வந்ததை முழுதாகப் படிப்போம் என்கிறேன்.

ரிட் மனுவில் நிர்வாகம் கேட்பது என்ன? ஆள் நடமாட்டத்துக்கும் சொத்துக்கும் ஆபத்து இருக்கிறது, போலீஸ் தன் கடமையைச் செய்யவில்லை, செய்யச் சொல்லுங்கள் என்று. நீதிமன்றம் அரசியல் சாசனம் 226-வது பிரிவின்படி நமக்குச் சொல்வது, உன் கடமையைச் செய் என்று. அந்தக் கடமை உத்தரவுக்கு முன்பும் நமக்கு இருந்ததுதான். சம்பளம் எவ்வளவு, போனஸ் எவ்வளவு, சஸ்பென்ஷன் செல்லுமா, வேலைநிறுத்தம் சட்டப்படியானதா என்பதெல்லாம் சமரச அதிகாரியும் தொழிலாளர் நீதிமன்றமும் பார்க்க வேண்டியவை. வாசலில் ஒரு வழி திறந்திருக்க வேண்டும், அதில் யாரும் அடிபடக் கூடாது என்பதற்கு மேல் அந்தத் தாளில் பெரும்பாலும் எதுவும் இருப்பதில்லை. ஆனால் வாசலில் நிற்கும் தொழிலாளிக்கு ஐகோர்ட் ஆர்டர் என்ற இரண்டு சொல் கேட்ட உடனே கேஸ் முடிந்துவிட்டது. நமக்கும் அப்படித்தான்.

ஏன் நமக்கும் அப்படி என்று கொஞ்சம் மனம்விட்டுச் சொல்ல வேண்டும். அந்த மனுவில் எதிர்மனுதாரர்கள் யார் என்று பாருங்கள். கண்காணிப்பாளர், டி.எஸ்.பி., இன்ஸ்பெக்டர். சங்கத்தை நாலாவதாகவோ ஐந்தாவதாகவோ சேர்த்திருப்பார்கள். சில மனுக்களில் அதுவும் இருக்காது. உத்தரவு வந்த நாளிலிருந்து இன்ஸ்பெக்டர் மேசையில் ஒரு சொல் சுற்றிவரும், கண்டெம்ட். ஒரு வண்டி அரை மணி நேரம் தாமதமானால் நிர்வாகத்தின் வக்கீலிடமிருந்து போன். நீதிமன்ற அவமதிப்புக்காகச் சென்னைக்குப் போய்க் கைகட்டி நிற்பதை எந்த இன்ஸ்பெக்டரும் விரும்ப மாட்டார். உத்தரவின் முதல் பாதியை மீறினால் அவரை இழுக்க ஆள் இருக்கிறது. இரண்டாவது பாதியை மீறினால், மரத்தடியில் இருக்கும் பெண்ணுக்கு அவரை இழுக்க வழி தெரியாது, காசும் இல்லை, அப்படி ஒரு பாதி இருப்பதே தெரியாது. அதனால் பாரம் ஒரு பக்கமாகவே சாய்கிறது. இதில் கெட்டவர்கள் யாரையும் தேட வேண்டியதில்லை. நல்ல இன்ஸ்பெக்டர்களிடமும் இதைப் பார்த்தேன். தமிழில் எழுதிய தாள் ஒன்று கேட்டில் தொங்கினால் இந்தப் பாரம் கொஞ்சமாவது நேராகும். அவருக்கும் அது ஒரு காப்புத்தான், நான் உத்தரவில் உள்ளதைச் செய்தேன், உள்ளதை மட்டுமே செய்தேன் என்று காட்ட.

சோற்று விஷயத்தையும் சொல்லிவிடுகிறேன், சங்கடமாக இருந்தாலும். பந்தோபஸ்து நாட்களில் எங்களுக்கு உட்கார இடம் கம்பெனி செக்யூரிட்டி ரூம். டீ கம்பெனி கேன்டீன். மத்தியானம் பிரியாணிப் பொட்டலம், கூடவே கத்திரிக்காய். ஆம்பூர்ப் பக்கம் விருந்தென்றால் அதுதானே. காலையில் நாலு மணிக்கு எழுந்து வந்த பையன்கள் பசியில் சாப்பிடுவார்கள், நானும் சாப்பிட்டேன். கேட்டுக் கம்பிக்கு அந்தப் பக்கம், தூக்குவாளியில் கூழும் வெங்காயமும் கொண்டுவந்தவர்கள் அதைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். பத்து நாள் ஒருவர் சோற்றைத் தின்றுவிட்டு அவருக்கும் இன்னொருவருக்கும் நடுவில் நிற்பதாக நாம் எப்படிச் சொல்ல முடியும்? சொன்னாலும் யார் நம்புவார்கள்? பந்தோபஸ்துக்குப் படி இருக்கிறது. ஸ்டேஷனிலிருந்து சாப்பாடு வரட்டும், தார்ப்பாய் கட்டி ரோட்டோரம் உட்காரட்டும். இதை நீங்கள் வாய்மொழியாகச் சொன்னாலே போதும், மறுநாள் நின்றுவிடும்.

அந்த 100 மீட்டர் விஷயமும் அப்படித்தான். சில உத்தரவில் 50, சில உத்தரவில் 200. எண்ணைப் போடுவது நீதிமன்றம், அளப்பது நாம். ஒரு தடவை நானும் இன்னொரு காவலரும் டேப் பிடித்து அளந்து, பிளீச்சிங் பவுடரால் ரோட்டில் கோடு போட்டோம். கோடு போய் விழுந்த இடத்தில் ஒரு பக்கம் சாக்கடைக் கால்வாய், மறுபக்கம் எருக்கஞ்செடியும் தோல் துண்டுக் குப்பையும். சித்திரை வெயில். நிழல் இருந்த இடம் 85-வது மீட்டரில். அங்கே உட்காரவிடலாமா என்று கேட்டதற்கு, வக்கீல் போட்டோ எடுத்து அனுப்பிவிடுவார் என்று பதில் வந்தது. மூன்றாம் நாள் இரண்டு பெண்கள் மயங்கி விழுந்தார்கள். இடத்தை அளக்கும்போதே நிழலும் தண்ணீரும் உள்ள இடமாகப் பார்த்து, இரு தரப்பையும் கூட்டிப் பேசி, தேவைப்பட்டால் அரசு வக்கீல் மூலம் நீதிமன்றத்திடமே திருத்தம் கேட்டு வாங்கலாம். கேட்டால் தர மாட்டார்கள் என்று நாமே முடிவு செய்துகொள்கிறோம்.

ஓய்வுக்குப் பிறகு, சத்துவாச்சாரி கோர்ட்டில் பழகிய ஒரு வக்கீலிடம் உட்கார்ந்து பழைய தீர்ப்புகளைத் தமிழில் சொல்லச் சொல்லிக் கேட்டேன். சர்வீஸில் யாரும் எங்களுக்குச் சொல்லித்தராதவை. வேலைநிறுத்தம் அடிப்படை உரிமை ஆகாது என்று 1962-ல் காமேஷ்வர் பிரசாத் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. இந்த ஒரு வரி எல்லா இன்ஸ்பெக்டருக்கும் தெரியும். அதே தீர்ப்பு, அமைதியான ஆர்ப்பாட்டம் அரசியல் சாசனம் தரும் பேச்சுரிமைக்குள் வரும் என்றும் சொல்லி, எந்த ஆர்ப்பாட்டமுமே கூடாது என்ற பீகார் அரசின் விதியை அந்த அளவுக்குச் செல்லாது என்றது. இந்த வரி எனக்கு அறுபது வயதில்தான் தெரிந்தது.

நம் சென்னையிலேயே கதை இன்னும் பழையது. மெட்ராஸ் லேபர் யூனியன் 1918-ல் தொடங்கியது. இரண்டு மூன்று ஆண்டுக்குள் பின்னி மில் தகராறில் நிர்வாகம் உயர் நீதிமன்றத்துக்குப் போய், பி.பி. வாடியா முதலான சங்கத் தலைவர்கள் தொழிலாளரை வேலைக்குப் போகாதபடி தூண்டக் கூடாது என்று தடை உத்தரவு வாங்கியது. சங்கம் நடத்தினாலே நஷ்ட ஈட்டு வழக்கு வருமா என்ற அந்தப் பயத்திலிருந்துதான் சட்டப் பாதுகாப்பு வேண்டும் என்ற குரல் கிளம்பி, 1926-ல் தொழிற்சங்கச் சட்டம் வந்தது. அதன் 18-வது பிரிவு, தொழில் தகராறின்போது வேலை ஒப்பந்தத்தை முறிக்கத் தூண்டினார்கள் என்ற காரணத்துக்காக மட்டும் பதிவுபெற்ற சங்கத்தின் மேல் சிவில் வழக்கு நிற்காது என்றது. எதிர்ப்பக்கத் தவறும் நடந்திருக்கிறது. 1967-ல் மேற்கு வங்க அரசு, கெரோ, அதாவது நிர்வாகத்தினரைச் சூழ்ந்து வெளியே விடாமல் அடைத்துவைப்பது, நடக்கும் இடத்துக்குத் தொழிலாளர் துறை அமைச்சரைக் கேட்காமல் போலீஸ் போகக் கூடாது என்று சுற்றறிக்கை விட்டது. கல்கத்தா உயர் நீதிமன்றம் அது செல்லாது என்றது. ஆளை அடைத்துவைத்தால் போலீஸ் போகத்தான் வேண்டும், அதற்கு அமைச்சர் தயவு தேவையில்லை. இதுவும் சரிதான்.

இன்னொன்று, வேனுக்குள் யார் வருகிறார்கள் என்பது. பல உத்தரவுகள் சொல்வது வேலைக்கு வர விருப்பமுள்ள தொழிலாளரை. அதாவது அந்தக் கம்பெனியின் மஸ்டர் ரோலில், அதாவது தொழிலாளர் பெயர்ப் பட்டியலில் இருந்து, வேலைநிறுத்தத்தில் சேராதவர்களை. ஆனால் நாங்கள் முன்னும் பின்னும் ஜீப் போட்டு உள்ளே அனுப்பிய வேன்களில் முன்பின் தெரியாத புது ஆட்கள் இருந்ததைப் பார்த்தேன். சட்டப்படியான வேலைநிறுத்தம் நடக்கும்போது புதிதாக ஆள் சேர்ப்பதை, 1947 தொழில் தகராறு சட்டத்தின் ஐந்தாம் அட்டவணை நியாயமற்ற தொழிலாளர் நடைமுறை என்று பட்டியலில் வைத்தது. அதே அட்டவணைதான் வேலைக்குப் போகிறவரை வாசலில் உடம்பால் மறிப்பதையும், முதலாளி வீட்டு முன்னால் ஆர்ப்பாட்டம் செய்வதையும் சங்கத்தின் தவறாக எழுதியது. சங்கத்தின் தவறுகள் எங்களுக்கு மனப்பாடம். நிர்வாகத்தின் தவறு அதில் இருக்கிறது என்பதே தெரியாது. கேட்டில் நிற்கும் காவலர் சட்டம் தீர்மானிக்க வேண்டாம், அடையாள அட்டையைப் பார்த்துக் குறித்துவைக்கலாம். அந்தக் குறிப்பு நாளைக்குத் தொழிலாளர் நீதிமன்றத்தில் இரண்டு தரப்பில் யாருக்காவது பயன்படும்.

இது பழைய கதை என்று தள்ளிவிட முடியாது. 2024-ல் சுங்குவார்சத்திரம் சாம்சங் தொழிற்சாலையில் வேலைநிறுத்தம் 37 நாள் நடந்தது, போராட்டப் பந்தலை போலீஸ் பிரித்ததை நாடே டி.வி.யில் பார்த்தது. 2025 நவம்பர் 21 முதல் புதிய தொழில் உறவுச் சட்டத்தொகுப்பு அமலுக்கு வந்திருக்கிறது. இனி எந்தத் தொழிற்சாலையிலும் 14 நாள் முன்னறிவிப்பு இல்லாமல் வேலையை நிறுத்த முடியாது. பாதிப் பேரோ அதற்கு மேலோ ஒரே நாளில் சேர்ந்து லீவு போட்டாலும் அது வேலைநிறுத்தம்தான். நோட்டீஸ் தேதியில் ஒரு நாள் தவறினாலும் சட்டவிரோதம் என்ற பேச்சு வரும், பாதுகாப்பு மனுக்கள் கூடும். அப்போது வாசலில் நிற்கும் இருபத்துமூன்று வயதுக் காவலரிடம், இது சட்டவிரோத ஸ்டிரைக், அள்ளுங்கள் என்று யாராவது சொல்வார்கள். அவர் கையில் என்ன இருக்கும்?

தமிழில் ஒட்டினால் மட்டும் போதுமா என்ற கேள்வியும் எனக்கு உண்டு. 2015 ஜனவரி 31 அன்று ராணிப்பேட்டை சிப்காட்டில் கழிவுச் சேற்றுத் தொட்டியின் சுவர் இடிந்து, தூங்கிக்கொண்டிருந்த தொழிலாளர்கள் மேல் சேறு பாய்ந்தது. 10 பேர் இறந்தார்கள், பெரும்பாலானவர்கள் மேற்கு வங்கத்திலிருந்து வந்தவர்கள். நானும் அங்கே பந்தோபஸ்துக்குப் போனேன். உயிர் தப்பிய ஒரு பையன் என்னிடம் என்னவோ சொல்லிக்கொண்டே இருந்தான், எனக்கு ஒரு சொல்லும் புரியவில்லை, தோளைப் பிடித்துக்கொண்டு நின்றேன். இன்று டேனரிகளில் அப்படிப்பட்ட பையன்கள் இன்னும் அதிகம். அவர்கள் வேலைக்கு உள்ளே போகிறவர்களாகவும் இருக்கலாம், வெளியே உட்காருகிறவர்களாகவும் இருக்கலாம். அந்தத் தாளில் இந்தியும் வங்காளமும் சேர்ந்தால் நல்லது.

ஐயா, அம்மா, நம் துறையில் சங்கம் வைக்கும் உரிமை கிடையாது. 1966-ல் போட்ட சட்டம் அதைக் கட்டுப்படுத்தி வைத்திருக்கிறது. ஆர்டர்லி வேலை, தொடர் டூட்டி, லீவு கிடைக்காமை என்று எங்களுக்கும் எவ்வளவோ குறை இருந்தது, கூடிச் சொல்ல வழி இல்லை. அப்படி இருந்தும், கூடிச் சொல்ல உரிமை உள்ளவர்களைக் கலைத்தபோது எங்களில் பலருக்கு உள்ளே என்னவோ செய்யும். யாரும் வெளியே காட்டிக்கொள்வதில்லை. கான்ஸ்டபிள்களுக்கு மனசு இல்லை என்று தொழிலாளர்கள் நினைக்க வேண்டாம். பாதிப் பேருக்கு அக்காவோ தங்கையோ அந்தக் கம்பெனி வேனில்தான் வேலைக்குப் போகிறார்கள்.

அறிவிப்பு எப்படி இருக்கலாம் என்று நானே ஒன்று எழுதிவைத்திருக்கிறேன். ரைட்டர் வேலை பார்த்த கை. உத்தரவுக்கு உத்தரவு வாசகம் மாறும், ஆகவே உத்தரவில் இல்லாத வரியை எடுத்துவிட வேண்டும், உள்ளதைச் சேர்க்க வேண்டும். அரசு வக்கீல் ஒருமுறை பார்த்துத் திருத்தினால் இன்னும் நன்றாக இருக்கும். தேவைப்பட்டால் ஸ்டேஷன் ரைட்டர்களுக்கு வந்து சொல்லித்தரவும் நான் தயார், எந்த ஊர் என்றாலும் என் சொந்தச் செலவில் வருகிறேன்.

"அறிவிப்பு. இந்தத் தொழிற்சாலை சம்பந்தமாகச் சென்னை உயர் நீதிமன்றம் ........ எண் வழக்கில் ........ தேதி பிறப்பித்த உத்தரவின்படி இங்கே காவல்துறை பாதுகாப்பு தரப்படுகிறது. வேலைக்கு வர விரும்பும் இந்தத் தொழிற்சாலைத் தொழிலாளர்களையும் சரக்கு வண்டிகளையும் யாரும் தடுக்கக் கூடாது. தடுத்தால் நடவடிக்கை எடுக்கப்படும். சம்பளக் கோரிக்கை நியாயமா, வேலைநிறுத்தம் செல்லுமா என்பது பற்றி இந்த உத்தரவில் நீதிமன்றம் எதுவும் முடிவு செய்யவில்லை. அந்தப் பேச்சுவார்த்தை தொழிலாளர் துறை அதிகாரி முன்பு ........ தேதி நடக்கிறது. அமைதியாகக் கூடிக் கோரிக்கை சொல்ல அனுமதிக்கப்பட்ட இடம் ........ . அங்கே குடிதண்ணீரும் கழிப்பறையும் உண்டு. அங்கே கூடுகிறவர்களை யார் மிரட்டினாலும் அதே நடவடிக்கை எடுக்கப்படும். வழக்கின் அடுத்த விசாரணை ........ தேதி. தொழிலாளர்களும் சங்கமும் வக்கீல் வைத்து அதில் தங்கள் பக்கத்தைச் சொல்ல மனுச் செய்யலாம். உத்தரவின் முழு நகல் இந்தத் தாளுக்குக் கீழேயே ஒட்டப்பட்டிருக்கிறது. புரியாதவர்கள் கேட்டால், பணியில் உள்ள காவலர் வாசித்துச் சொல்வார்."

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற சிறப்பு உதவி ஆய்வாளர்,
வாலாஜா வட்டம்